ஹென்றி கவெல்: படைப்பும் பயிற்றலும்

மேலைச் செவ்விசையை முறையாகக் கற்க விரும்பிய அமெரிக்கர்கள் 19-ஆம் நூற்றாண்டில் லைப்சிக், மியூனிக், பெர்லின் முதலிய ஜெர்மானிய நகரங்களுக்குச் சென்று பயின்று திரும்பினர். முதல் உலகப் போருக்குப் பின் வந்த தலைமுறையில் ஆரன் கோப்லண்ட், வால்ட்டர் பிஸ்டன், வர்ஜில் தாம்சன் போன்றோர் பாரிசில் நாதியா பூலான்ஜே அம்மையாரிடம் மாணவராக இருந்தனர். இவ்விரு வழிகளிலும் செல்லாமல், பள்ளிக்கல்வியே பெரும்பாலும் இல்லாமல், கலிபோர்னியாவில் வறுமையில் வளர்ந்து, பின்னர் ஐரோப்பிய இசையாளர்களே வியந்து கேட்கும்படி புதியன செய்தவர் ஹென்றி கவெல் (1897–1965). பியானோவை முழங்கையாலும் உள்ளங்கையாலும் வாசித்தவர் என்ற அளவிலேயே இசை வரலாற்று நூல்கள் பலவும் அவரைக் குறிப்பிட்டு நகர்ந்துவிடுகின்றன. அக்குறிப்பு பிழையன்று, ஆனால் அது அவரைச் சுருக்கிவிடுகிறது. படைப்பைத் தொழிலாகக் கொண்டு பிழைப்புக்காகக் கற்பித்த இசையமைப்பாளர் பலருண்டு. கவெலிடத்தில் இந்த வரிசை மாறியிருந்தது என்பதும், தாம் கண்டறிந்த ஒவ்வொன்றையும் பிறர் எடுத்தாளத்தக்க பொதுச் சொத்தாக எழுதியும் பதிப்பித்தும் கற்பித்தும் வைத்ததே அவருடைய படைப்பின் விரிவுக்கும் அதன் ஏற்றத்தாழ்வுக்கும் ஒருங்கே காரணம் என்பதும் இச்சொற்பொழிவின் கருத்தாகும்.

அவர் பிறந்தது 1897 மார்ச் 11 அன்று, சான் பிரான்சிஸ்கோவுக்குத் தெற்கேயுள்ள மென்லோ பார்க் என்னும் ஊரில். தந்தை ஹாரி கவெல் அயர்லாந்திலிருந்து குடியேறியவர். தாய் கிளாரிசா டிக்சன் எழுத்தாளர், அரசும் சமயமும் மனிதரை ஆளக்கூடாது என்ற கொள்கையுடையவர். பெற்றோர் பிரிந்தபின் தாயே மகனுக்கு ஆசிரியரானார். சான் பிரான்சிஸ்கோவில் சீனரும் ஜப்பானியரும் வாழ்ந்த பகுதிகளின் பாட்டும், அயர்லாந்து உறவினரின் நாட்டுப்பாடலும் மேலைச் செவ்விசைக்கு இணையாகவே அச்சிறுவனின் காதில் விழுந்தன. எனவே ஒன்று இசை, மற்றவை விந்தையொலி என்ற பாகுபாடு அவர் மனத்தில் ஏற்படவேயில்லை. தாய் நோயுற்றபோது மாடு மேய்த்தும், பள்ளிக்கூடம் பெருக்கியும், காட்டுச்செடிகளைப் பறித்து விற்றும் குடும்பத்தைக் காத்தார். அறிவுத்திறன் அளவையில் பெயர்பெற்ற ஸ்டான்ஃபோர்டு உளவியலாளர் லூயிஸ் டெர்மன் இப்பையனைக் கூர்ந்து ஆராய்ந்து 1919-இல் வெளியிட்ட தம் நூலில் விவரித்தார். அதே பல்கலைக்கழகத்தின் ஆங்கிலப் பேராசிரியர் சாமுவேல் சீவர்டு அவர் படிப்புக்கு நிதி திரட்டினார். கருவி கைக்கெட்டாத காலத்தில் இசையை மனத்துக்குள்ளேயே கேட்டுப் பழகிய பயிற்சியைப் பற்றி 1926-இல் ஓர் உளவியல் இதழில் கவெல் கட்டுரையே எழுதியிருக்கிறார்.

1914-இல் பெர்க்லியிலுள்ள கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தில் சார்ல்ஸ் சீகரிடம் மாணவரானது அவர் வாழ்வின் திருப்பம். சீகர் அவ்விளைஞருக்கு இட்ட பணி இரண்டு. மரபான ஹார்மனி, அதாவது சுரங்களைச் சேர்த்தொலிக்கும் முறை, கவுன்டர்பாயிண்ட், அதாவது தனித்தனி மெட்டுகளை ஒன்றோடொன்று பின்னும் முறை, ஆகியவற்றைப் பிற ஆசிரியர்களிடம் ஒழுங்காகக் கற்றுக்கொள்ள வேண்டும் என்பது முதலாவது. தாம் கையாளும் புதுமைகளுக்குத் தாமே இலக்கணம் வகுத்து, அவ்விலக்கணத்துக்கு எடுத்துக்காட்டாகும் படைப்புகளையும் தாமே உருவாக்க வேண்டும் என்பது இரண்டாவது. பதினேழு வயதுப் பையனிடம் இலக்கணம் எழுதச் சொன்ன ஆசிரியரின் துணிவு குறிப்பிடத்தக்கது. அதன் விளைவாக 1916-க்கும் 1919-க்கும் இடையில் எழுதப்பெற்று, 1930-இல் நியூயார்க்கில் அச்சேறியதே ‘புதிய இசை வளங்கள்’ என்ற பொருளுடைய தலைப்பைக் கொண்ட அவருடைய கோட்பாட்டு நூல்.

அந்நூலின் அடித்தளம் மேற்சுரம் என்னும் இயற்பியல் உண்மை. ஒரு தந்தியை மீட்டினால் அதன் அடிப்படை அதிர்வோடு, அதன் இருமடங்கு, மும்மடங்கு, நான்மடங்கு, ஐம்மடங்கு என முழுஎண் மடங்குகளிலும் நுண்ணிய அதிர்வுகள் சேர்ந்தெழுகின்றன, அவையே மேற்சுரங்கள். நன்கு சுருதி சேர்ந்த தம்புராவில் ஒருவரும் மீட்டாத அந்தர காந்தாரம் மந்தர ஸட்ஜத் தந்தியிலிருந்து கேட்பது ஐந்தாம் மடங்கு அதிர்வினால்தான். ஸட்ஜத்துக்கும் பஞ்சமத்துக்கும் உள்ள உறவு 2:3 என்பதும், ஸட்ஜம், அந்தர காந்தாரம், பஞ்சமம் மூன்றும் சேர்ந்தொலிக்கையில் உறவு 4:5:6 என்பதும் இதன் வழிப் பெறப்படும். இவ்வளவும் பழைய செய்தி. கவெல் இதற்கு மேலே ஒரு படி சென்றார். சுருதி என்பது விரைந்த அதிர்வு. அதிர்வு வினாடிக்கு ஏறத்தாழ இருபதுக்குக் கீழே குறையும்போது காது அதைத் தொடர்ந்த ஒலியாகக் கொள்ளாமல் தனித்தனித் தட்டுகளாக உணர்கிறது. ஆகவே சுருதியும் தாளமும் வேகத்தால் மட்டுமே வேறுபட்ட ஒரே பொருள். அப்படியானால் 4:5:6 என்ற விகிதத்தை மூன்று சுரங்களாக ஒலிக்கலாம், அல்லது ஒரே கால அளவில் ஒரு குரல் நான்கும் மற்றொன்று ஐந்தும் இன்னொன்று ஆறுமாகத் தட்டும் தாளமாகவும் ஒலிக்கலாம் என்பது அவர் முடிபு.

ஐரோப்பியச் சுரக்குறியீடு முழுமை, அரை, கால், அரைக்கால் என இரண்டிரண்டாகப் பகுத்துச் செல்வது. ஐந்தாகவோ ஏழாகவோ பகுக்க வேண்டின் அதற்குத் தனி இலக்கம் இட்டு அடைப்புப் போடவேண்டும். கவெல் இக்குறையைத் தீர்க்க மூன்றன் பகுதிக்கு முக்கோணம், ஐந்தன் பகுதிக்குச் சதுரம் என்றவாறு ஒவ்வொரு பகுப்புக்கும் வேறு வடிவமுள்ள சுரக்குறியை வகுத்தார். திஸ்ரம், சதுஸ்ரம், கண்டம், மிஸ்ரம், சங்கீர்ணம் என ஓர் அட்சரத்தை ஐந்து நடைகளில் பகுத்துப் பழகிய தென்னிந்தியச் செவிக்கு இதில் வியப்பு குறைவாகவே இருக்கும். ஆனால் அம்மரபை இன்னும் அறியாத ஓர் இளைஞர் இயற்பியலின் வழியாக அதே பகுப்புகளை வந்தடைந்ததும், அவற்றை ஒன்றன்பின் ஒன்றாக அன்றி ஒரே நேரத்தில் பல குரல்களில் அடுக்க விரும்பியதும் கருதத்தக்கன. இக்கோட்பாட்டின்படி 1915–17-இல் எழுதிய ‘குவார்ட்டெட் ரொமான்டிக்’ அக்கால வாத்தியக்காரர் எவராலும் வாசிக்க இயலாதது என்றே கருதப்பட்டு, அவர் மறைந்த பிறகுதான் ஒலித்தது.

மனிதரால் இயலாததைப் பொறியால் செய்விக்கலாம் என்று அவர் கருதினார். அவர் வேண்டுகோளின்படி ருஷ்யப் பொறியாளர் லெவ் தெரமின் 1931-இல் ரித்மிக்கான் என்ற கருவியை உருவாக்கினார். துளையிட்ட வட்டுகள் சுழல, அத்துளைகளினூடே ஒளி விட்டுவிட்டுப் பாய்ந்து ஒளிமின்கலத்தில் விழுவதால் ஒலி பிறக்கும். முதற் கட்டையை அழுத்தினால் அடிப்படைச் சுரம் ஒரு சுற்றுக்கு ஒருமுறையும், இரண்டாவதை அழுத்தினால் இரண்டாம் மடங்குச் சுரம் இருமுறையும், இவ்வாறே பதினாறாவது பதினாறு முறையும் ஒலிக்கும். 1932 ஜனவரியில் நியூயார்க்கில் இக்கருவி பொதுமக்கள் முன் இயக்கிக் காட்டப்பட்டது. இதற்கென அவர் எழுதிய இசைக்குழுப் படைப்பை நிகழ்த்த 1971-இல் ஸ்டான்ஃபோர்டில் ஒரு கணினி தேவைப்பட்டது.

அவருக்குப் புகழும் இகழும் சேர்த்துத் தந்தவை சுரக்கொத்துகள். அடுத்தடுத்துள்ள பல சுரங்களைக் கையின் நீளத்தால் ஒருசேர அழுத்தி எழுப்பும் திரண்ட ஒலியே சுரக்கொத்து எனப்படும். ‘மனானானின் அலைகள்’ என்ற பியானோப் படைப்பு, அயர்லாந்துப் புராணக் கடல் தெய்வம் ஒன்றின் கதையை நாடகமாக்கிய கவிஞர் ஜான் வேரியனுக்காகக் கலிபோர்னியாவில் ஹால்சியன் என்னும் இடத்திலிருந்த பிரம்மஞானக் குடியிருப்பில் எழுந்தது. இடக்கை முழுவதும் தாழ்ந்த கட்டைகளின்மேல் படிந்தெழ, வலக்கையில் எளிய நாட்டுப்பாடல் போன்ற மெட்டு நடக்கும். இதன் காலத்தை 1912 என நெடுநாள் குறித்துவந்தனர். 1917 என்பதே இப்போது ஏற்கப்படுவது. ‘ஏயோலியன் ஹார்ப்’, ‘பான்ஷீ’ ஆகியவற்றில் அவர் கட்டைகளைத் தட்டி ஒலியெழுப்புவதை விட்டுவிட்டுப் பியானோவின் உள்ளே கைவிட்டுத் தந்திகளை வருடினார். 1925-இல் எழுதிய ‘பான்ஷீ’யை வாசிக்க, மிதிகட்டை அழுத்தப்பட்ட நிலையிலேயே இருக்க, வாசிப்பவர் கருவியின் வளைவில் நின்றுகொண்டு, கம்பி சுற்றிய தடித்த தந்திகளின் நீளத்தில் விரலாலும் நகத்தாலும் இழுப்பார், எழும் ஓலம் பியானோவினுடையது என்று நம்புவது கடினம்.

1923 முதல் ஐரோப்பாவில் இவற்றை வாசித்தபோது சில ஊர்களில் கூச்சலும் கலவரமும் உண்டாயின. ஆயினும் பேலா பார்ட்டோக் சுரக்கொத்தைத் தாமும் பயன்படுத்தலாமா என்று அனுமதி கேட்டு எழுதினார். ஆர்னால்டு ஷோன்பெர்க் தம் பெர்லின் மாணவர் முன் வாசிக்க அழைத்தார். 1929-இல் சோவியத் நாட்டுக்குச் சென்ற முதல் அமெரிக்க இசையமைப்பாளரும் அவரே. பார்ட்டோக்கின் கேள்வி கவெலின் இயல்புக்கு முற்றிலும் புறம்பானது. சுரக்கொத்தைத் தமது முத்திரையாகக் காத்துக்கொள்ள எண்ணியிருந்தால் அதற்கான இலக்கணத்தை நூலாக எழுதி எல்லார் கையிலும் அவர் கொடுத்திருக்கமாட்டார்.

அந்தக் கொடைக்குணத்தின் மறுபக்கம் அவருடைய பதிப்புப் பணி. 1925-இல் கலிபோர்னியாவில் புதிய இசைக்கான ஒரு சங்கத்தையும், 1927-இல் ‘நியூ மியூசிக்’ என்ற காலாண்டிதழையும் தொடங்கினார். கட்டுரைகளுக்கு மாறாக, வணிகப் பதிப்பகங்கள் தொடமறுத்த படைப்புகளின் சுரக்குறிப்புகளையே அவ்விதழ் அச்சிட்டுச் சந்தாதாரர்க்கு அனுப்பியது. முதல் இதழில் கார்ல் ரக்கிள்சின் ‘மனிதரும் மலைகளும்’ வந்தது. 1929-இல் சார்ல்ஸ் ஐவ்ஸின் நான்காம் சிம்பொனியின் இரண்டாம் பகுதி வந்தது. காப்பீட்டு நிறுவனம் நடத்திச் செல்வரான ஐவ்ஸ், தமது இசையை எவரும் கேளாத காலத்திலும், இவ்விதழின் நட்டத்தைத் தம் கைப்பணத்தால் ஈடுசெய்துவந்தார். தம் சொந்தப் படைப்புகளை இவ்விதழில் கவெல் மிக அரிதாகவே இட்டார். ஐவ்ஸைப் பற்றிய முதல் வாழ்க்கை வரலாற்று நூலை 1955-இல் மனைவியுடன் சேர்ந்து எழுதியவரும் அவரே.

1931-இல் குகன்ஹைம் நல்கை பெற்று பெர்லின் சென்றார். அங்கு எரிக் ஃபான் ஹார்ன்போஸ்டெல் நடத்திய ஒலிப்பதிவுக் காப்பகத்தில் உலகின் பல மூலைகளிலிருந்து மெழுகு உருளைகளில் பதிந்து சேர்த்த இசையைக் கேட்டு ஒப்பிடும் துறை வளர்ந்து வந்தது. ஏட்டறிவோடு நில்லாது அவர் அந்தந்த மரபினரிடமே பாடம் கேட்டார்: ஜாவா நாட்டு இசையை ராடன் மாஸ் ஜோட்ஜானாவிடமும், கர்நாடக இசை இலக்கணத்தைச் சென்னையைச் சேர்ந்த பி. சாம்பமூர்த்தியிடமும் பயின்றார். அக்காலத்தில் மேலை இசை கற்க ஜெர்மனிக்கு வந்திருந்த சாம்பமூர்த்தி, பின்னர்ச் சென்னைப் பல்கலைக்கழக இசைத்துறையை வளர்த்தவர். ‘தென்னிந்திய இசை’ என்ற பெருந்தொகுதிகளின் ஆசிரியர். நடைகளையும் மேளங்களையும் கணக்காக வகுத்துச் சொல்லவல்ல அவரும், தாளத்தையும் சுருதியையும் ஒரே கணக்கில் அடக்க முயன்ற கவெலும் ஆசிரியரும் மாணவருமாக அமர்ந்தது, இருபதாம் நூற்றாண்டு இசைக்கல்வி வரலாற்றில் இன்னும் போதிய கவனம் பெறாத நிகழ்வு.

பெர்லினில் கற்றதை அவர் உடனே வகுப்பாக்கினார். நியூயார்க்கில் வயதுவந்தோர்க்கும் வேலைசெய்வோர்க்கும் மாலை வகுப்புகள் நடத்திய நியூ ஸ்கூல் என்னும் கல்விநிலையத்தில் 1930 அளவில் தொடங்கி ஏறக்குறைய வாழ்நாள் இறுதிவரை கற்பித்தார். உலக மக்களின் இசையைப் பற்றிய அவருடைய பாடம், ஐரோப்பிய இசை ஒன்றே இசை, ஏனையவை அதன் முந்தைய படிகள் என்று பெரும்பாலான கல்லூரிகள் கருதிய காலத்தில் வந்தது. ஒலித்தட்டுகளைப் போட்டுக் காட்டியும், அந்தந்த நாட்டுக் கலைஞர்களையே வகுப்புக்கு அழைத்து வாசிக்கச் செய்தும் கற்பித்தது அவர் முறை. ஜான் கேஜ் 1934-இல் அவ்வகுப்புகளில் இருந்தார். லூ ஹாரிசன் 1935-இல் சான் பிரான்சிஸ்கோவில் அதே பாடத்தைக் கேட்டு, பின்னாளில் கேமலான் எனப்படும் ஜாவா வாத்தியக் குழுக்களுக்கும் எழுதுபவரானார். ஜார்ஜ் கெர்ஷ்வினும், பின்னர்த் திரைப்பாடல்களால் புகழ்பெற்ற பர்ட் பாக்கரக்கும் அவரிடம் பயின்றனர். இவர்களில் எவருடைய இசையும் கவெலின் இசைபோல் ஒலிப்பதில்லை. ஆசிரியர் ஒருவரைப் பற்றிச் சொல்லத்தக்கவற்றுள் இது பெரியது.

1936 மே மாதத்தில் அவர் கைதானார். ஒருபாலுறவைக் கடுங்குற்றமாகத் தண்டித்த அன்றைய கலிபோர்னியச் சட்டத்தின்கீழ்ப் பதினைந்து ஆண்டு வரையிலான தண்டனை பெற்று, சான் குவென்டின் சிறையில் நான்காண்டுகள் கழித்தார். நண்பர் பலர் துணைநின்றனர். ஐவ்ஸ் சில காலம் உறவை முறித்துக்கொண்டார். சிறைக்குள் அவர் கைதிகள் நூற்றுக்கணக்கானோர்க்கு இசை கற்பித்து, சிறையின் பேண்டு வாத்தியக் குழுவை நடத்தி, ஏறத்தாழ அறுபது படைப்புகளையும் எழுதினார். இவற்றுள் ஒன்று தனியே விளக்கத்தக்கது. நடனக் கலைஞர் மார்த்தா கிரஹாம் 1937-இல் ஒரு தனிநடனத்துக்கு இசை கேட்டார். சிறையிலிருந்த கவெலால் நடனத்தைக் காணவோ அதன் கால அளவை அறியவோ இயலவில்லை. எனவே ஒவ்வொரு இசைத்தொடரையும் குறுகியதும் நீண்டதுமான பல அளவுகளில் எழுதி, வேண்டியதை எடுத்து வேண்டியவாறு கோத்துக்கொள்ளும்படி அனுப்பிவைத்தார். நெகிழ்வடிவம் என்று அவர் அழைத்த இம்முறை சிறைவாழ்வின் நெருக்கடியால் மட்டும் தோன்றியதன்று. பகுதிகளை எவ்வரிசையிலும் வாசிக்கலாம் என்ற விதியுடைய ‘மொசேக் குவார்ட்டெட்’டை 1935-லேயே எழுதியிருந்தார். படைப்பின் இறுதி வடிவத்தை வாசிப்பவர் கையில் விட்டுவிடும் இப்போக்கைப் பின்னாளில் கேஜ் வெகுதூரம் கொண்டுசென்றார்.

1940-இல் நன்னடத்தை விடுதலை பெற்று, இசையமைப்பாளர் பெர்சி கிரெய்ஞ்சரின் செயலாளராகப் பணியாற்றினார். 1941-இல் நாட்டுப்பாடல் சேகரிப்பாளரான சிட்னி ராபர்ட்சனை மணந்தார். 1942 இறுதியில் ஆளுநரின் மன்னிப்பும் கிடைத்தது. இதன் பிறகான கவெலின் இசை அடங்கிப்போயிற்று, சிறை அவரது துணிவை முறித்துவிட்டது என்பர் சிலர். பிற்கால இசை மென்மையானது என்பதை மறுக்க இயலாது. எனினும் அம்மென்மைக்கு வேறொரு வாயிலும் உண்டு. வில்லியம் வாக்கர் 1835-இல் தொகுத்த ‘சதர்ன் ஹார்மனி’ என்ற பக்திப்பாடல் நூல், எழுத்தறிவு குறைந்த கிராமத்தாரும் பாடும்படி சுரக்குறிகளை வெவ்வேறு வடிவங்களில் அச்சிட்டது. அதில் முதலில் எல்லாக் குரலும் சேர்ந்து நடக்கும் துதிப்பாட்டும், பின்னர்க் குரல்கள் ஒன்றை ஒன்று தொடர்ந்து நுழையும் பாட்டும் காணப்பட்டன. அமெரிக்காவில் வேரூன்றிய இம்மரபு ஐரோப்பிய இலக்கணத்தால் திருத்தப்படாமல் வளர்ந்திருந்தால் எவ்வாறிருக்கும் என்ற கேள்விக்கு விடையாக 1940களில் தொடங்கிப் பதினெட்டுப் படைப்புகளை அவர் எழுதினார். இது அயலிசையை ஆராய்ந்த அதே மனம் உள்ளூர் மரபின்பால் திரும்பியது என்று கொள்வதே பொருந்தும். சிம்பொனிகள் இருபதில் பலவற்றைப் பற்றி அவ்வாறு வாதிடுவது கடினம். அவற்றுள் விரைந்தெழுதிய தடம் தெரிகிறது.

1956–57-இல் ராக்ஃபெல்லர் நிறுவன நிதியுதவியுடன் மனைவியோடு உலகப் பயணம் மேற்கொண்டு, துருக்கி, இந்தியா, ஈரான், ஜப்பான் முதலிய நாடுகளின் இசையை நேரில் கேட்டார். ஈரானிய இசையின் பயனாகப் ‘பெர்ஷியன் செட்’டும், ஜப்பானிய இசையின் பயனாக ‘ஓங்காகு’வும், சென்னை இசையின் பயனாக ‘மெட்ராஸ்’ என்று பெயரிட்ட பதின்மூன்றாம் சிம்பொனியும் பிறந்தன. அச்சிம்பொனி 1959 மார்ச்சில் தாமஸ் ஷெர்மன் தலைமையில் நியூயார்க் லிட்டில் ஆர்க்கெஸ்ட்ரா குழுவினரால் சென்னையிலேயே முதன்முதலாக நிகழ்த்தப்பெற்றது. இராகத்தை அதன் கமகத்திலிருந்து பிரித்துச் சுர வரிசையாக மட்டும் எடுத்துக்கொள்ளும் எந்த முயற்சியிலும் ஓர் இழப்பு உண்டு. கவெலின் சிம்பொனியும் அதற்கு விலக்கன்று. ஆனால் அயல்மணத்துக்காக ஓரிரு மெட்டுகளைக் கடன்வாங்கிய பழைய ஐரோப்பியரைப் போலன்றி, கால் நூற்றாண்டுக்கு மேலாக அம்மரபுகளைப் படித்தும் பாடமாகச் சொல்லியும் வந்த ஒருவரின் முயற்சி இது என்பதால் அளவுகோலும் வேறாக வேண்டும். இவ்வகையில் அவர் எய்திய உயரம் சென்னைச் சிம்பொனியில் அன்று, ஜப்பானிய நீள்யாழான கோட்டோவுக்கும் இசைக்குழுவுக்குமாக எழுதி, 1964-இல் கிமியோ எட்டோ வாசிக்க லியோபோல்டு ஸ்டோகோவ்ஸ்கி நடத்திய இசைக்கோவையில் காணப்படுகிறது. அதில் கோட்டோ தன் இயல்பில் பேசுகிறது, இசைக்குழு அதற்கு இடம் விடுகிறது.

அடுத்த ஆண்டு டிசம்பர் 10 அன்று நியூயார்க் மாநிலத்தில் ஷேடி என்ற சிற்றூரில் அவர் காலமானார். பின்னர்த் தொகுக்கப்பெற்ற படைப்புப் பட்டியலில் ஆயிரத்தை நெருங்கும் பதிவுகள் உள்ளன. அவற்றுள் இன்று மேடையேறுவன மிகச் சில. அவருடைய நூலின் கதையோ வேறு. பல்வேறு வேகங்களை ஒருங்கே அடுக்கும் தாளங்களை மனிதர் வாசிக்க இயலாவிடின், துளையிட்ட காகிதச் சுருளால் தானே இயங்கும் பியானோவைக் கொண்டு வாசிப்பிக்கலாம் என்ற யோசனை அந்நூலில் போகிறபோக்கில் வருவது. ஸ்பானிய உள்நாட்டுப் போரில் குடியரசுப் படையில் போரிட்டதனால் தாய்நாட்டு அரசின் ஐயத்துக்குள்ளாகி 1940-இல் மெக்சிகோவுக்குக் குடியேறிய கான்லன் நான்காரோ என்ற அமெரிக்க இசையமைப்பாளர் அந்நூலைப் படித்திருந்தார். சுருளில் கையால் துளையிடும் பொறி ஒன்றை அவர் 1947 அளவில் நியூயார்க்கில் பெற்று, மெக்சிகோ நகரத்தில் தம் வீட்டிலிருந்தபடியே, சில நிமிடங்கள் ஒலிக்கும் ஒரு படைப்புக்கு மாதக்கணக்கில் துளையிட்டு, தானியங்கிப் பியானோவுக்கென ஏறத்தாழ ஐம்பது படைப்புகளை அடுத்த நாற்பதாண்டுகளில் செய்து முடித்தார். கவெல் இளமையில் கணக்கிட்டு வைத்த விகிதங்களும் அவற்றினும் சிக்கலானவையும் அவற்றில்தான் பிசிறின்றி ஒலித்தன.